நியமன ஒப்புதலும் நீதிமன்றமும்: ஒரு மதிப்பீடு

முன்னுரை

தமிழ்நாட்டின் அரசு உதவிபெறும் பள்ளிகளில் ஆசிரியரை அமர்த்துவது பள்ளி நிருவாகம்; ஊதியம் வழங்குவது அரசு. இவ்விரண்டிற்கும் இடையில் நிற்பது கல்வி அலுவலரின் ஒப்புதல் ஆணையாகும். அவ்வாணை மறுக்கப்படும்போதும் காலந்தாழும்போதும் வழக்குகள் எழுகின்றன. அவற்றில் நிருவாகத்தின் உரிமையும் அரசின் அதிகாரமும் விரிவாகப் பேசப்படுகின்றன. வகுப்பறையில் நிற்கும் ஆசிரியரின் நிலை பின்தள்ளப்படுகின்றது. அந்நிலையிலிருந்து இவ்வழக்குகளை நாம் மதிப்பிட முனைகின்றோம்.

ஒரு சொல், இரு பணி

1973ஆம் ஆண்டின் தமிழ்நாடு அங்கீகரிக்கப்பட்ட தனியார் பள்ளிகள் (ஒழுங்குபடுத்தும்) சட்டம் நியமனப் பொறுப்பைப் பள்ளிக் குழுவிடம் அளித்தது. ஆயின், பணிநீக்கத்திற்கு அலுவலரின் முன்னொப்புதல் வேண்டும் என 22ஆம் பிரிவில் வகுத்தது. இவ்வொப்புதல் ஆசிரியரைக் காப்பதற்கானது. நியமன ஒப்புதலோ பெரிதும் அரசு நிதியைக் காப்பதற்கானது. பெயர் ஒன்றாயினும் நோக்கம் வேறு. 2018ஆம் ஆண்டின் புதிய சட்டம் 2023இல் நடைமுறைக்கு வந்த பின்னரும் இவ்வேறுபாட்டை நாம் மறத்தலாகாது.

மறுப்புக்குரிய காரணங்களை மூவகையாகப் பகுக்கலாம். ஒன்று, பணியிடம்: ஆகஸ்டு 1ஆம் நாளின் மாணவர் எண்ணிக்கையைக் கொண்டு பணியிடம் கணக்கிடப்படுகிறது, எண்ணிக்கை குறைந்தால் உபரி ஆசிரியர் சிக்கல் எழுகிறது. இரண்டு, முறைமை: பள்ளியிலேயே தகுதியுடையோர் இருப்பின் பதவி உயர்வு அளித்த பின்னரே நேரடி நியமனம் என்பது 1974ஆம் ஆண்டு விதிகளின் வரிசை. மூன்று, தகுதி. முதலிரண்டும் ஆவணங்களைக் கொண்டு தீர்க்கக்கூடியவை. மூன்றாவதே கொள்கைச் சிக்கலாக வளர்ந்துள்ளது.

தகுதித் தேர்வும் சிறுபான்மைப் பள்ளிகளும்

2009ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டத்தின்கீழ், 23.8.2010 அன்று வெளியான அறிவிக்கை ஆசிரியர் தகுதித் தேர்வைக் கட்டாயமாக்கியது. 2014இல் உச்சநீதிமன்றத்தின் ஐவர் அமர்வு, பிரமதி வழக்கில், அச்சட்டம் சிறுபான்மைப் பள்ளிகளுக்குப் பொருந்தாது என்றது. அத்தீர்ப்பின் நிழலில் நியமனங்கள் நிகழ்ந்தன. 1.9.2025 அன்று இருவர் அமர்வொன்று அத்தீர்ப்பின் பொருத்தத்தை ஐயுற்று, அவ்வினாவை மேலமர்வின் கருத்துக்கு விடுத்தது. ஏனைய பள்ளிகளில், ஓய்வுக்கு ஐந்தாண்டுகளுக்கு மேல் உள்ளோர் ஈராண்டுகளுக்குள் தேர்ச்சி பெறவேண்டும் என்றும் பணித்தது.

மாணவர் நலனை முன்னிறுத்தும் அவ்வமர்வின் ஐயம் நியாயமானதே. ஒரே அரசு நிதியில் ஊதியம் பெற்று ஒரே பாடத்திட்டத்தைக் கற்பிப்போர்க்கு இரு தகுதிகள் இருத்தல் விளக்கத்திற்குரியது. எனினும், அன்றைய சட்டநிலையை நம்பிப் பணியேற்றவர் மீது பிற்காலத் தீர்ப்பின் சுமையை ஏற்றுவது நீதியாகுமா என்பதும் அதே அளவு எடையுள்ள வினாவாகும்.

தீர்ப்பின் பின் நிகழ்வது

மறுப்பாணையில் போதிய காரணம் இல்லையெனின், நீதிமன்றம் அதனை நீக்கி, குறித்த வாரங்களுக்குள் மீண்டும் பரிசீலிக்குமாறு அதே அலுவலருக்கே திருப்பி அனுப்புவது பெருவழக்கு. நிருவாகத்துறையின் பணியைத் தானே செய்யாமை நீதிமன்றத்தின் முறையான அடக்கமே. ஆனால் அலுவலர் வேறொரு காரணத்தை எழுதினால் வழக்கு தொடங்கிய இடத்திற்கே திரும்புகிறது. ஆசிரியர் வழக்கில் வென்றும் ஊதியமின்றி நிற்கிறார். அரசாணை வேண்டிய பணியிடத்தை அறிந்தே நிரப்பிவிட்டு, பின்னர் ஆசிரியரை நீதிமன்றப் படிகளில் ஏற்றும் நிருவாகமும் இதற்குப் பொறுப்பேற்க வேண்டும்.

மலேசியாவில் தமிழ்ப்பள்ளி ஆசிரியர்க்கு அரசே ஊதியம் வழங்குவதால், இத்தகைய இடைவெளி நம் வாசகர்க்குப் புதிதாகத் தோன்றலாம். நிருவாகத்தின் தன்னுரிமைக்குக் கொடுக்கப்படும் விலை யாரிடமிருந்து பெறப்படுகிறது என்பதை அறிய இவ்வழக்குகள் உதவும்.

முடிவுரை

இரு திருத்தங்கள் போதும் எனக் கருதுகின்றோம். அலுவலர் தம் தடைகள் அனைத்தையும் ஒரே ஆணையில் கூறவேண்டும். கூறாதவற்றைப் பின்னர் எழுப்பலாகாது. நியமனத்திற்கு முன்பே பணியிட நிலை எழுத்தில் உறுதிசெய்யப்பட வேண்டும். உரிமை யாருடையது என்னும் பெருவினா மேலமர்வில் முடியட்டும். அதுவரை பாடம் நடத்தியவரின் ஊதியம் காத்திருக்க வேண்டியதில்லை.