கமலாவின் துயரமும் நம் ஆறுதல் மொழியும்

கிருபாபாய் சத்தியநாதன் (1862–1894) ஆங்கிலத்தில் எழுதிய 'கமலா' என்னும் நாவல், இந்துப் பெண்களின் இல்லற நிலையை விளக்கும் கதையாகவே பெரும்பாலும் படிக்கப்பட்டு வந்துள்ளது. துயருற்றோரைச் சந்திக்கச் செல்லும் ஆயர்கள் அதனை வேறொரு நோக்கிலும் படிக்கவேண்டும் என்பது நம் கருத்து.

கதையின் முடிவில் இளம்பெண்ணாகிய கமலா கணவனையும் குழந்தையையும் இழந்து நிற்கிறாள். அவளை நேசிக்கும் ராமச்சந்தர் மணம் புரிய முன்வருகிறான். கைம்பெண் மறுமணத்தை அனுமதிக்கும் சட்டம் 1856இலேயே இயற்றப்பட்டுவிட்டது. எனினும் கமலா மறுத்துவிட்டு, எளியோருக்குத் தொண்டு செய்வதில் தன் வாழ்நாளைக் கழிக்கிறாள்.

மறுமணத்தை மறுத்ததே இந்நாவலின் குறை என்பர் சிலர். நாம் காணும் குறை வேறு. புகுந்த வீட்டில் கமலா பட்ட பாடுகளை விரிவாக எழுதும் ஆசிரியை, இழப்புக்குப் பிந்திய துயரத்தைச் சுருக்கமாகவே கூறிக் கடந்துவிடுகிறார். அழுகைக்கும் தொண்டுக்கும் இடையே காலம் ஓடவேயில்லை எனத் தோன்றுகிறது.

இது அறியாமையால் நேர்ந்ததன்று. கிருபாபாய் தம் ஒரே குழந்தையை ஒரு வயது நிறையுமுன் பறிகொடுத்தவர். நோயின் பிடியில் இருந்துகொண்டே இந்நூலை எழுதி முடித்தவர். துயரத்தை அவ்வளவு அறிந்தவரும் அதைத் தம் கதாநாயகிக்கு நீண்ட நேரம் அளிக்கத் துணியவில்லை. பயனுள்ள வாழ்வில் முடியாத துயரம் பக்திக்கு ஏற்றதன்று என்ற எண்ணம் அக்காலத்து அருட்பணி இலக்கியத்தில் வேரூன்றியிருந்தது. அதன் சாயலையே இங்குக் காண்கிறோம்.

அவ்வெண்ணம் நம்மை விட்டு இன்னும் அகலவில்லை. பழனி மலையடிவாரத்து அய்யம்பாளையம் போன்ற ஊர்களில் ஊழியம் செய்வோர் இதனை எண்ணிப் பார்க்கவேண்டும். சாவு வீட்டில் பெண்கள் ஒருவரையொருவர் கட்டிக்கொண்டு ஒப்பாரி வைக்கும் மண் இது. அங்குச் செல்லும் நாமோ, நம்பிக்கையற்றவர்களைப்போல் அழலாகாது என்று கூறி, இளம் கைம்பெண்ணை விரைவில் ஓய்வுநாள் பள்ளிப் பணிக்கோ பெண்கள் ஐக்கியத்துக்கோ அழைக்கிறோம். பவுல் தடுத்தது நம்பிக்கையற்ற துக்கத்தையேயன்றித் துக்கத்தை அன்று.

நகோமி தன்னை மாராள் என்று அழைக்கச் சொன்னபோது, பெத்லகேம் ஊரார் அவளைக் கண்டித்ததாக ரூத்தின் புத்தகம் கூறவில்லை. அவளது கசப்பான சொற்கள் திருமறையில் அப்படியே நிற்கின்றன. அவளுக்கு ஆறுதல் வந்தது அறுவடைகளும் ஒரு திருமணமும் ஒரு பிறப்பும் கடந்த பின்னரே.

தொண்டு துயரத்திலிருந்து பிறக்கலாம். துயரத்தை மூடும் போர்வையாக அதனை நாம் கொடுத்தல் தகாது. கமலாவுக்கு மறுக்கப்பட்ட அந்தக் காலத்தை நம் சபைப் பெண்களுக்கேனும் அளிப்போமாக.