சீவாளிக்கு வந்த சாக்ஸபோன்காரர்

சிங்கப்பூரின் ஜாஸ் கதையைச் சொல்பவர்கள் பழைய நடன அரங்குகளைத் தவறாமல் குறிப்பிடுவார்கள். 1923இல் திறக்கப்பட்ட நியூ வேர்ல்ட் கேளிக்கைப் பூங்காவின் அரங்கு அவற்றுள் ஒன்று. நம் கோயிலிசையைப் பற்றி எழுதுபவர்களோ சிராங்கூன் சாலை ஸ்ரீநிவாசப் பெருமாள் கோயிலை விடமாட்டார்கள். பூங்கா இருந்த கிச்சனர் சாலையில் இப்போது சிட்டி ஸ்குவேர் மால் நிற்கிறது. அங்கிருந்து கோயிலுக்குச் சில நிமிட நடைதான். ஒரே பேட்டையின் இந்த இரண்டு ஓசைகளையும் ஒருசேர வைத்துப் பேசும் எழுத்து நம்மிடம் மிகக் குறைவு.

அந்த இரு ஓசைகளும் கூடும் சாக்ஸபோன் என்றால் நமக்குக் கத்ரி கோபால்நாத்தான். நாதஸ்வரக் குடும்பத்துப் பிள்ளை. மைசூர் அரண்மனை பேண்டில் அந்தக் கருவியைக் கேட்டு மனம் பறிகொடுத்தவர். 1994இல் வந்த 'டூயட்' திரைப்படம் அவரை வீடுவீடாகக் கொண்டுசேர்த்தது. அவர் சாதனையின் கனம் கருவியைக் கையில் எடுத்துப் பார்த்தால் புரியும். நாதஸ்வரத்தில் விரல் நேரடியாகத் துளைமேல் படுகிறது. துளையைப் பாதி மூடலாம், மெல்ல விடுவிக்கலாம். கமகம் அங்கே பிறக்கிறது. சாக்ஸபோனில் விரலுக்கும் துளைக்கும் நடுவே சாவியும் மூடியும் குறுக்கிடுகின்றன. விரலால் ஆகாததை உதட்டாலும் மூச்சாலும் ஈடுகட்டியாக வேண்டும். தோடி ராகத்தை அதில் வாசிப்பது லேசான காரியமா?

அவருக்கு நேர் எதிர்த்திசையில் வந்தவரை நாம் போதிய அளவு பேசவில்லை. சார்லி மரியானோ, 1923இல் பாஸ்டனில் பிறந்த ஆல்டோ சாக்ஸபோன் கலைஞர். ஜாஸ் இசையமைப்பாளர் சார்லஸ் மிங்கஸின் 1963ஆம் ஆண்டு இசைத்தட்டில் அவர் வாசிப்பைக் கேட்டவர்கள் மறக்கமாட்டார்கள். 1960களில் கோலாலம்பூரில் மலேசிய வானொலி இசைக்குழுவோடு பணியாற்றியபோது நாதஸ்வரம் அவரைப் பிடித்துக்கொண்டது. பெயர்பெற்ற சாக்ஸபோன்காரர் நாதஸ்வரத்தின் ஊதுநாவான சீவாளியை வாயில் வைத்து மாணவராக மறுபடி தொடங்கினார்; தென்னிந்தியாவுக்கு வந்து பயின்றார்; ஐரோப்பிய ஜாஸ் மேடைகளில் நாதஸ்வரம் வாசித்தார். பாடகி ஆர்.ஏ. ரமாமணியுடனும் கர்நாடகா தாளவாத்தியக் கல்லூரியுடனும் சேர்ந்து 1983இல் 'ஜோதி' இசைத்தட்டைத் தந்தார். அவர் எடுத்த முயற்சிகளிலேயே பணிவும் துணிவும் ஒன்றுகூடியது அந்த இசைத்தட்டில்தான் என்பேன். 2009இல் மறைந்தார்.

கோபால்நாத்தின் பக்கமும் ஜாஸ் வந்தது: அவருடன் அமெரிக்க சாக்ஸபோன் கலைஞர் ருத்ரேஷ் மகந்தப்பா சேர்ந்து வெளியிட்ட 'கின்ஸ்மென்' இசைத்தட்டு 2008இல் வந்தது. விமர்சகர்கள் கொண்டாடினார்கள், தகும்.

ஆனால் என் அக்கறை வேறிடத்தில். மரியானோவை நாதஸ்வரத்தின் பக்கம் திருப்பியது தஞ்சைக் கச்சேரி மேடை அல்ல. தமிழர் கப்பலேறி வந்து குடியேறிய இந்த மலாய் மண். இங்குள்ள கோயில்களில் வாசித்தவர்கள் யார், எந்த ஊரிலிருந்து வந்தார்கள், எத்தனை ஆண்டு ஒப்பந்தம், யாரிடம் பயின்றார்கள், விடியற்காலையில் எந்த ராகம் எடுத்தார்கள்? நடன அரங்கு பேண்டு கலைஞர்களிடம் இப்படியெல்லாம் கேட்டு எழுதுவோர் பெருமாள் கோயில் வாசலிலும் ஒலிப்பதிவுக் கருவியோடு உட்கார வேண்டும். முதிய தவில்காரர்கள் பேசும் நிலையில் இருக்கும்போதே உட்கார வேண்டும்.