வெள்ளைச் சேலைக்கு முன்னால் ஒரு வள்ளி

யூடியூபில் போய் கே.பி.சுந்தராம்பாள் என்று தட்டிப் பாருங்கள். முதலில் வருவது யார்? நெற்றி நிறைய விபூதி, கையில் கோல், வெள்ளைச் சேலை. பழம் கிடைக்காத கோபத்தில் மலையேறிவிட்ட முருகனைச் சமாதானம் பண்ண வந்திருக்கும் ஔவைப் பாட்டி. அடுத்ததைத் தட்டினால் அதுவும் பாட்டி. அதற்கடுத்து ஒரு சமணத் துறவி. இன்னும் கீழே போனால் காரைக்கால் அம்மையார். ஒரு கட்டத்தில் உங்களுக்கே சந்தேகம் வந்துவிடும், இந்த அம்மா பிறந்ததே அறுபது வயதில்தானோ என்று!

எங்கள் கோவில்பட்டிப் பக்கத்துப் பழைய ஆட்களுக்கு அந்தச் சந்தேகம் இருந்ததில்லை. அவர்களைப் பொறுத்தவரை சுந்தராம்பாள் என்றால் வள்ளி. தினைப்புனத்தில் பரண் மேல் நின்று ஆலோலம் பாடிக் குருவி விரட்டுகிற வள்ளி. வேலன், வேடன், விருத்தன் என்று வேஷம் மாற்றி மாற்றி வருகிற முருகனிடம் விடாமல் வாயாடுகிற வள்ளி. அவர்களில் முக்கால்வாசிப் பேர் அதை நேரில் பார்த்திருக்க முடியாது. அப்பா சொன்னது, தாத்தா சொன்னது. ஆனாலும் பார்த்தது மாதிரியே பேசுவார்கள்.

அதற்கு ஒரு காரணம் உண்டு. 'வள்ளி திருமணம்' கரிசல்காட்டு ஆட்களுக்குப் புராணக் கதையே இல்லை. கம்பும் சோளமும் பால் பிடிக்கிற நேரத்தில் விடியக்காலை பரண் ஏறி, தகர டப்பாவைத் தட்டிக்கொண்டு, கவணில் கல்லை வைத்துச் சுழற்றியவர்கள் அவர்கள். படைக்குருவி இறங்கினால் ஒரு குடும்பத்தின் ஆறு மாசச் சாப்பாடு போச்சு. அப்படிப்பட்ட ஊரில், ராத்திரி பெட்ரோமாக்ஸ் வெளிச்சத்தில் ஒரு பெண் நின்று ஆலோலம் பாடினால், அது எப்படிப் போய்ச் சேர்ந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். அந்த நாடகத்தை எழுதிய சங்கரதாஸ் சுவாமிகளும் (1867-1922) தூத்துக்குடிப் பக்கத்துக் காட்டுநாயக்கன்பட்டிக்காரர்தான். சும்மாவா இத்தனை காலம் நிற்கிறது!

இனி அந்த அம்மாவின் கதைக்கு வருவோம். 1908-ல் காவிரிக் கரையில் கொடுமுடியில் பிறந்தவர். வறுமை. ரயிலில் பாடிக்கொண்டு வந்த சிறுமியின் குரலைக் கேட்டு யாரோ நாடகத்துக்குக் கூட்டிப் போனார்கள் என்பார்கள். முதலில் போட்டது பையன் வேஷம். 'நல்லதங்காள்' நாடகத்தில் பசிக்குது என்று அழுகிற பிள்ளை. நல்லதங்காளின் ஊர் என்று சொல்லப்படும் அர்ச்சுனாபுரம் நம்ம வத்திராயிருப்புப் பக்கம். ஏழு பிள்ளைகளைக் கிணற்றில் தள்ளிவிட்டுத் தானும் விழுந்த அந்தத் தாய்க்கு அங்கே கோயிலே இருக்கிறது. பஞ்சம் பார்த்த ஜனங்களின் முன்னால், பஞ்சம் பார்த்த ஒரு சிறுமி பசிக்குது என்று பாடியிருக்கிறாள். நடிப்பு சொல்லிக்கொடுக்க வேண்டிய அவசியமே இருந்திருக்காது.

1926-ல் கொழும்பு. அங்கேதான் செங்கோட்டை எஸ்.ஜி.கிட்டப்பாவோடு ஒரே மேடையில் சேர்ந்தார். அதற்கு முன்பே இரண்டு பேருக்கும் தனித்தனியாகப் பெயர் இருந்தது. சேர்ந்த பிறகு எல்லாப் பக்கமும் இதே பேச்சு. மைக் இல்லாத காலம். கடைசி வரிசையில் துண்டு விரித்து உட்கார்ந்திருக்கிறவன் காதிலும் விழ வேண்டும். ஆணும் பெண்ணும் ஒரே ஆர்மோனியக் கட்டையில், உச்ச சுருதியில் பாடுவார்கள். அவர் ஒரு பாட்டை விட்டுவிட்டுப் போனால் இவர் அதற்கு மேல் ஒரு படி ஏறி நிற்பார். ஜனங்கள் பார்த்தது முருகனும் வள்ளியும் பண்ணுகிற தர்க்கத்தை மட்டுமா? இரண்டு குரல்கள் ஒன்றையொன்று ஜெயிக்கப் பார்த்ததையும்தான்.

கல்யாணம் நடந்தது. கிட்டப்பாவுக்கு ஏற்கெனவே மனைவி உண்டு. சேர்ந்து இருந்த காலம் கொஞ்சம், மனத்தாங்கல் நிறைய. சுந்தராம்பாள் எழுதிய கடிதங்கள் பிற்காலத்தில் அச்சில் வந்தன. தெய்வீகக் காதல் என்று நினைத்துக்கொண்டு அவற்றைப் படிக்கப் போகாதீர்கள். கோபமும் ரோஷமும் கெஞ்சலும் கணக்குவழக்குமாக, ஒரு நிஜமான பெண் அதில் இருக்கிறாள். 1933 டிசம்பரில் கிட்டப்பா போய்ச் சேர்ந்தார். அவருக்கு 27 வயது. சுந்தராம்பாளுக்கு 25.

இருபத்தைந்து வயதில் வெள்ளைச் சேலை கட்டினார். இனி எந்த ஆணோடும் ஜோடியாக நடிப்பதில்லை என்று முடிவெடுத்தார். 1980-ல் காலமாகும்வரை மாற்றவில்லை.

இதை எல்லோரும் கும்பிட்டுவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். எனக்குக் கும்பிட முடியவில்லை. அந்த அம்மாவின் வைராக்கியத்தில் குறை காண நான் யார்? என் கேள்வி, அதை வைத்துக்கொண்டு சினிமா என்ன பண்ணியது என்பதுதான்.

முதல் படம் 1935-ல் வந்த 'பக்த நந்தனார்'. ஒரு லட்சம் ரூபாய் சம்பளம். அந்தக் காலத்தில் அந்தத் தொகையைக் கேட்டே மூச்சு நின்றிருக்கும். ஜோடி வேண்டாம் என்ற விரதத்துக்கு அவர் கண்டுபிடித்த வழியைக் கவனியுங்கள், தானே ஆண் வேஷம் போட்டுவிட்டார்! சேற்றில் நிற்கிற பண்ணையாள் நந்தன் அவர். எதிரே வேதியராக நின்றது மகாராஜபுரம் விஸ்வநாத ஐயர். அடுத்து 1940-ல் 'மணிமேகலை'. காதலை உதறிவிட்டுத் துறவு போனவள்.

அப்புறம் 1953. ஜெமினி எஸ்.எஸ்.வாசனின் 'ஔவையார்'. கல்யாணம் வேண்டாம் என்று ஓர் இளம்பெண் பிள்ளையார் முன்னால் அழுது வேண்டுகிறாள். நிமிஷத்தில் கிழவியாகிறாள். இளம்பெண்ணாக வந்தவர் குசலகுமாரி. கிழவியானதும் சுந்தராம்பாள். சரியாக இருபது வருஷம் கழித்து 1973-ல் 'காரைக்கால் அம்மையார்'. புருஷன் விலகிப் போனதும், இந்த அழகு எதற்கு என்று உதறிப் பேயுருக் கேட்டவள் கதை. அழகாக இருக்கும்வரை லட்சுமி. அழகை உதறியதும் சுந்தராம்பாள்.

கவனித்தீர்களா? இரண்டும் ஒரே கதை. ஒரு பெண் தன் இளமையைத் தானே வேண்டிக்கேட்டுக் கழற்றி வைக்கிறாள். 1933-ல் அந்த அம்மா தன் வாழ்க்கையில் செய்ததைத்தான் சினிமா திரும்பத் திரும்பச் செய்து காட்டியது. வள்ளி பாகத்தை வேறு யாராவது பார்த்துக்கொள்ளட்டும், நீங்கள் வந்து பாடுங்கள் தாயீ என்று சொல்லிவிட்டது. 'ஔவையார்' வந்தபோது அவருக்கு வயது நாற்பத்தைந்துதான். நாற்பத்தைந்தைத் தாண்டிய எத்தனை ஹீரோக்கள் கல்லூரி மாணவனாக மரத்தைச் சுற்றினார்கள் என்று நான் பட்டியல் போட வேண்டியதில்லை, உங்களுக்கே தெரியும்.

இந்த இடத்தில் எனக்கு ஒரு ருஷ்யப் பெண் ஞாபகம் வருகிறாள். நியூ செஞ்சுரி புத்தகக் கடையில் மலிவு விலையில் வாங்கிச் செகாவைப் படித்தவர்கள் கோவில்பட்டியில் நிறைய. அந்தச் செகாவின் மனைவி ஓல்கா நிப்பர், மாஸ்கோ கலை அரங்கின் நடிகை. 1901-ல் கல்யாணம், 1904-ல் செகாவ் மரணம். இவர்கள் கதையிலும் சேர்ந்திருந்த நாள் குறைவு, கடிதம் அதிகம். செகாவ் சாவதற்கு ஆறு மாசம் முன்னால் அரங்கேறிய 'செர்ரித் தோட்டம்' நாடகத்தில் ரானெவ்ஸ்காயா பாத்திரம் ஓல்காவுக்கு. காதலிலும் பணத்திலும் கையை விட்டுச் செலவழித்துத் தோற்கிற பெண். புருஷன் போன பிறகும் அதே பாத்திரத்தைப் பல பத்தாண்டுகள் நடித்தார். 1959-ல் இறக்கும்போது வயது தொண்ணூறு. ஆசையும் சபலமும் உள்ள பெண்ணாக மேடையில் நிற்கும் உரிமையை அங்கே யாரும் பிடுங்கவில்லை. ருஷ்யா உசத்தி, நாம் மட்டம் என்று சொல்லவரவில்லை. இங்கேயே, முதல் தமிழ் பேசும்படமான 'காளிதாஸ்' நாயகி டி.பி.ராஜலட்சுமி 1936-ல் 'மிஸ் கமலா'வைத் தானே டைரக்ட் பண்ணிக் காட்டினாரே! வழி இருந்தது. ஆனால் வெள்ளைச் சேலையைப் பார்த்துக் கைகூப்புவது ஜனங்களுக்கும் முதலாளிகளுக்கும் சௌகரியமாகப் போய்விட்டது.

அரசியலும் அப்படியே கும்பிட்டது. சத்தியமூர்த்தி அழைக்க, காங்கிரஸ் மேடைகளில் பாடினார். 1951-ல் சட்ட மேலவை உறுப்பினர். 1970-ல் பத்மஸ்ரீ. 'துணைவன்' படத்துக்காக 1969-க்கான சிறந்த பாடகி தேசிய விருதும் உண்டு. பாடகி விருது, கவனியுங்கள்.

கிடைத்த படங்களில் அவருடைய உச்சம் எது என்று கேட்டால், ஔவையை விட்டுவிட்டு 1964-ல் வந்த 'பூம்புகார்' கவுந்தி அடிகளைச் சொல்வேன். ஔவைக்கு எல்லாம் முன்கூட்டியே தெரியும். முகத்தில் ஒரு நிரந்தர நிம்மதி. கவுந்திக்குத் தெரியாது. கூட நடந்து வந்த ஓர் இளம் ஜோடி அழிவதை அவள் தடுக்க முடியாமல் பார்க்கிறாள். அங்கே சுந்தராம்பாளின் குரலில் கோபம் வருகிறது. வசனம் கலைஞர் கருணாநிதி. தெய்வத்தைக் கேள்வி கேட்கிற ஒரு வரியை முருக பக்தையான இவர் பாட மாட்டேன் என்று நின்றதாகவும், அவர் பதில் வரி சேர்த்துத் தந்த பிறகே பாடியதாகவும் சொல்வார்கள். முறைத்துக்கொள்ள ஓர் ஆள் எதிரே இருந்தால்தான் அந்த அம்மாவுக்கு நடிப்பு வரும் போலிருக்கிறது. கிட்டப்பா காலத்திலிருந்தே அப்படித்தான்!

கோவில்பட்டியிலிருந்து இருபது கிலோமீட்டர் சொச்சம் போனால் கழுகுமலை. மலைச்சரிவில் ஆயிரத்து இருநூறு வருஷத்துக்கு முந்தைய சமணச் சிற்பங்கள். அங்குள்ள கல்வெட்டுகளில் குரத்தியர் என்கிற பெண் ஆசிரியர்களின் பெயர்கள் இருக்கின்றன. பாடம் நடத்தியவர்கள், மாணாக்கர் வைத்திருந்தவர்கள். கவுந்தியைத் திரையில் பார்க்கும்போது எனக்கு அவர்கள் நினைவுதான். அதே மலையடியில் கழுகாசலமூர்த்தி, பக்கத்தில் வள்ளி. ஒரே மலையில் துறவியும் உண்டு, காதலியும் உண்டு. சினிமாவில்தான் ஒருவரை உள்ளே விட்டுவிட்டு ஒருவரை வெளியே நிறுத்திவிட்டார்கள்.

வள்ளியைக் கேட்க ஆசைப்படுகிறவர்களுக்கு இசைத்தட்டுகள் மிச்சம் இருக்கின்றன. கிட்டப்பா இருந்த காலத்துப் பழைய தட்டுகளைத் தேடிக் கேளுங்கள். கரகரவென்று ஊசி சத்தம் வரும். பொறுத்துக்கொள்ளுங்கள். அதற்குள்ளிருந்து இருபது வயசுக் குரல் ஒன்று மேலே ஏறும். அதில் பக்தி இருக்கிறது, கூடவே ஒரு குறும்பும் அகங்காரமும் இருக்கிறது. பிற்காலத்துக் குரலில் அந்தக் குறும்பு கிடையாது.

இன்றும் எங்கள் பக்கம் கோயில் பொங்கலுக்கு 'வள்ளி திருமணம்' போடுகிறார்கள். முன்னைப் போல் இல்லை, குறைந்துவிட்டது. பத்து மணிக்கு ஆர்மோனியம் ஆரம்பிக்கும். பபூனும் டான்ஸும் ஆடி முடிக்கவே நடுச்சாமம் ஆகிவிடும். அப்புறம்தான் வள்ளி வருவாள். நாற்பதைத் தாண்டியவர்களும் வள்ளியாக வருவதுண்டு. யாரும் வயது கேட்பதில்லை. வீட்டில் என்ன நிலவரம் என்றும் கேட்பதில்லை. தர்க்கத்தில் முருகனை மடக்கினாளா என்பதுதான் பேச்சு. விடியக்காலை வேஷத்தைக் கலைத்துவிட்டு, சாதாரணச் சேலையில், கையில் ஒரு தகரப்பெட்டியோடு மதுரை பஸ்ஸுக்கு நின்றுகொண்டிருப்பார்கள்.