வேலை மொழிபெயர்த்தல்: திரைப்படங்களில் தெய்வப்படையும் மாய ஆயுதமும்

தோரின் சுத்தியல், ஆர்தர் மன்னனின் வாள், கர்ணனின் நாகக்கணை, முருகனின் வேல் ஆகிய நான்கையும் பிரெஞ்சு மொழி ஒரே தொடரால் சுட்ட இயலும்: 'ஆர்ம் மஜிக்', அதாவது மாய ஆயுதம். பாரிசின் லா சப்பல் பகுதியிலும் ஆர்ஜொந்தெய் முதலிய புறநகர்களிலும் வளரும் தமிழ்ப் பிள்ளைகளுக்கு இத்தொடர் இயல்பாகவே கைவருகிறது. பெற்றோர் காட்டும் பழைய புராணப் படத்தையும் திரையரங்கில் காணும் அமெரிக்கப் படத்தையும் அது ஒரே வகைக்குள் சேர்த்துவிடுகிறது. வகைப்படுத்தலில் தவறில்லை. ஆயினும் அச்சொல் ஒரு வேறுபாட்டை மறைக்கிறது. மேலைக் கற்பனைப் படங்களில் ஆயுதத்தைப் பற்றிய வினா 'இதனை ஏந்தத் தக்கவன் யார்' என்பது. தமிழ்ப் புராணப் படங்களிலோ 'இதனைக் கொடுத்தவர் யார், எந்த வரையறையோடு கொடுத்தார்' என்பதே வினா. அண்மைக்கால இந்தியப் படங்கள் இவ்விரண்டாம் வினாவைக் கைவிட்டு முதல் வினாவுக்கு நகர்ந்துள்ளன என்பதையும், அந்நகர்வில் இழக்கப்படுவது யாது என்பதையும் இக்கட்டுரை ஆராய்கிறது.

தமிழ் மரபில் 'மாய ஆயுதம்' என்னும் தொடருக்கு இடம் குறைவு. மாயம் பெரும்பாலும் அரக்கர்பாற்பட்டது. வீரனுக்குரியது தெய்வப்படை. கையில் ஏந்திப் பொருவது சத்திரம் எனவும், மந்திரத்தோடு எய்வது அத்திரம் எனவும் பகுக்கப்படும். கம்பராமாயண யுத்த காண்டத்தின் நாகபாசப் படலமும் பிரமாத்திரப் படலமும் இத்தகைய படைகளின் பெயராலேயே அமைந்தவை. இவற்றுள் பின்னதில், பிரமாத்திரத்தை முதலில் எய்ய எண்ணுபவன் இலக்குவன்; அது உலகங்களையே அழிக்கும் எனத் தடுப்பவன் இராமன். அத்தயக்கத்தை அறிந்துகொண்ட இந்திரசித்து முந்திக்கொள்கிறான். படையின் ஆற்றலைக் காட்டிலும் அதனை விடுப்பதா வேண்டாவா என்னும் முடிவே கதையை நடத்துகிறது. நாகபாசத்துக்கு மாற்றாகக் கருடன் வருவதுபோல ஒவ்வொரு படைக்கும் ஒரு முறிவும் உண்டு.

மேலைத் திரைமரபின் நிலை வேறு. ஜான் பூர்மனின் 'எக்ஸ்காலிபர்' (1981) படத்தில் கல்லில் செருகிய வாளை உருவுபவனே மன்னன். பீட்டர் ஜாக்சனின் 'மன்னனின் மீள்வருகை' (2003) படத்தில் முறிந்த வாள் மீண்டும் வார்க்கப்பட்டு, உரிய வழித்தோன்றலிடம் சேர்கிறது. 'தோர்' (2011) படத்தில் தந்தை சுத்தியலை எறியும்போதே தகுதியுடையவனுக்கே அது வசப்படும் என விதித்துவிடுகிறான். இங்கு ஆயுதம் ஒரு நீதிபதி. வீரனின் குருதியையோ உள்ளத்தையோ அளந்து தீர்ப்புக் கூறுகிறது. பாரிசை அடுத்த மொந்த்ரெய் நகரில் திரைக்கூடம் அமைத்த ஜார்ஜ் மெலியே மட்டும் இப்பெருமிதத்துக்கு இடங்கொடுத்தவர் அல்லர். அவருடைய 'நிலவுப் பயணம்' (1902) படத்தில் பேராசிரியர் குடையால் அடித்ததும் நிலவுவாசி புகையாய் மறைகிறான். படப்பெட்டியை நிறுத்தி, ஆளை மாற்றி, மீண்டும் இயக்கும் எளிய உத்தி அது. திரையின் முதல் மாய ஆயுதங்களுள் ஒன்று மழைக்குடை என்பது இன்றைய கற்பனைப் படங்களின் இறுக்கத்தைச் சற்றுத் தளர்த்தக்கூடிய செய்தி.

தமிழ்த் திரையில் தெய்வப்படையின் இலக்கணத்தை முழுமையாக உணர்த்தும் படம் பி. ஆர். பந்துலுவின் 'கர்ணன்' (1964). 2012இல் எண்ணிம முறையில் புதுப்பித்து வெளியிட்டபோதும் அது பெருவரவேற்பைப் பெற்றது. சிவாஜி கணேசனின் நடிப்பும் விசுவநாதன் இராமமூர்த்தியின் இசையும் பலராலும் பேசப்பட்டுள்ளன. படத்தின் கதையமைப்பு ஏறத்தாழ முழுவதும் படைக்கலங்களின் கொடுக்கல் வாங்கலால் நெய்யப்பட்டிருப்பது போதிய கவனம் பெறவில்லை. பரசுராமர் கற்பித்த மந்திரம் உற்ற வேளையில் மறக்கும் என்னும் சாபத்தோடு வருகிறது. பிறப்போடு வந்த கவசகுண்டலங்களை இந்திரன் அந்தண வடிவில் வந்து இரந்து பெறுகிறான். நாகக்கணையை அருச்சுனன்மேல் ஒருமுறைக்குமேல் விடலாகாது எனக் குந்தி வரம் கேட்கிறாள். கணை வரும்போது கண்ணன் தேரை அழுத்த, அது தலையை விட்டு முடியைக் கொய்து செல்கிறது. மீண்டும் தொடுத்தால் போர் முடிந்துவிடும். கர்ணன் தொடுப்பதில்லை.

குந்தி கேட்கும் இவ்வரம் வியாச பாரதத்தில் இல்லை. அங்குக் கர்ணன் அன்னைக்கு அளிக்கும் உறுதி, அருச்சுனன் தவிர்ந்த நால்வரையும் கொல்வதில்லை என்பதே. பாம்பு மீண்டும் வந்து தன்னை எய்யுமாறு வேண்டும்போது, பிறர் வலிமையை நம்பி வெல்ல விரும்பாத வீரச்செருக்கால் மறுக்கிறான். வில்லிபுத்தூரார் வழிவந்த தமிழ் மரபே இம்மறுப்பை அன்னைக்குக் கொடுத்த வாக்காக மாற்றியது. மாற்றம் சிறியதாகத் தோன்றலாம். ஆனால் படைக்கலத்தின் பொருளையே அது திருப்பிவிடுகிறது. வியாசரின் கர்ணன் தன் பெருமையைக் காக்கிறான். தமிழ்க் கர்ணன் தன் படையின் பாதியைத் தாய்க்குக் கொடையளித்துவிட்டுக் களம் புகுகிறான். பந்துலுவின் படம் பின்தொடர்வது இத்தமிழ்க் கர்ணனை. ஆகவே அப்படத்தில் போர்க்களக் காட்சிகளினும் இரத்தற் காட்சிகளே அழுத்தமானவை. குருச்சேத்திரத் தேர்களும் கூட்டமும் கண்ணுக்கு விருந்தாயினும், கவசத்தை அறுத்துக் கொடுக்கும் கை அவற்றைவிட நெடுநாள் நினைவில் நிற்கிறது.

ஏ. பி. நாகராசனின் 'கந்தன் கருணை' (1967) வேறொரு வாயிலைத் திறக்கிறது. வேல் தாய் தருவது. சிக்கலில் நிகழும் 'வேல் வாங்கும்' விழாவில் அன்னையிடம் வேல் பெறும் முருகன் திருமேனியில் வியர்வை அரும்புவதாக அடியார் போற்றுவர். பெறுதலே ஒரு சடங்காகும்போது, ஏந்துவோனின் தகுதியை வேல் சோதித்தறிய வேண்டிய தேவை எழுவதில்லை. அதன் செயலும் கொலையோடு முடிவதன்று. கச்சியப்பரின் கந்தபுராணத்தில் மாமரமாய் நின்ற சூரபன்மனை வேல் இரு கூறாக்க, அவை மயிலும் சேவலுமாகி ஊர்தியும் கொடியும் ஆகின்றன. படத்திலும் சூரவதம் முடிவன்று. அதன்பின் தெய்வயானை திருமணமும் வள்ளி திருமணமும் தொடர்கின்றன. மேலைக் கற்பனைப் படமொன்றில் பகைவன் வீழ்ந்தபின் இவ்வளவு நேரம் கதை நீளுமாயின் இரசிகர் இருக்கையை விட்டு எழுந்துவிடுவர். இங்கு வேலின் வேலை முடிந்தபின்னரே கருணை என்னும் தலைப்பு பொருள்பெறத் தொடங்குகிறது. எனினும் வேல் பாயும் காட்சியின் தந்திர உத்திகள் இன்றைய கண்ணுக்கு எளியனவே.

அவ்வெளிமைக்கு ஒரு முன்வரலாறு உண்டு. திருச்செந்தூர்ச் சூரசம்காரத்தில் ஒரே சூரன் உருவத்துக்கு யானைமுகம், சிங்கமுகம், சூரன் முகம் எனத் தலைகள் மாற்றப்பெறுகின்றன. இறுதியில் மாமரமும் சேவலும் தோன்றுகின்றன. யாழ்ப்பாணத்துக் கோயில்களில் 'சூரன்போர்' எனப்படும் விழாவும் இவ்வாறே தலைமாற்றி நிகழ்த்தப்படுவது. மெலியே படப்பெட்டியை நிறுத்திச் செய்ததைக் கோயில் வீதியில் மக்கள் கண்முன்னே செய்துகாட்டினர் எனலாம். வேறுபாடு, இங்கு மாற்றுவோர் மறைக்கப்படுவதில்லை என்பதே. மேலும் நல்லூர்க் கந்தசுவாமி கோயிலின் மூலத்தானத்தில் வழிபடப்பெறுவது வேல். படைக்கலமே மூலவராக வீற்றிருக்கும் மரபிலிருந்து புலம்பெயர்ந்தோரே பிரான்சுத் தமிழருள் பெரும்பான்மையினர். அவர்களிடம் வேலை ஒரு 'கருவி' என்பது பொருந்தாது.

லா சப்பலின் மாணிக்க விநாயகர் ஆலயத் தேர் ஆண்டுதோறும் ஆகத்து இறுதியையொட்டிப் பாரிசு வீதிகளில் உலாவருகிறது. அத்தேரில் எழுந்தருளும் தெய்வத்தின் கதையும் இவ்விலக்கணத்துக்குள் அடங்குவதே. எந்தப் படையாலும் அழியாத வரம் பெற்ற கயமுகாசுரன்மேல் விநாயகர் தம் கொம்பையே ஒடித்து எறிகிறார்; அவன் பெருச்சாளியாகி ஊர்தியாகிறான். வரத்தின் சொற்களுக்குள் அகப்படாத ஒன்றைத் தேடித் தன் உடலிலிருந்தே எடுக்கும் இக்கதையும் கவசத்தை அறுத்துக் கொடுத்த கர்ணன் கதையும் அண்மை உறவின.

இடையில் ஒரு விதிவிலக்கைச் சுட்டவேண்டும். 1950களின் அரசகதைப் படங்கள் பலவற்றில் வாள் இருந்தது, மந்திரம் இல்லை. 'மர்மயோகி' (1951) படத்தில் ஆவி எனக் காட்டப்படுவது இறுதியில் உயிரோடிருக்கும் மன்னன் என வெளிப்படுகிறது. 'நாடோடி மன்னன்' (1958) வரை எம்.ஜி.ஆரின் வாள் பயிற்சியின் விளைவேயன்றி வரத்தின் விளைவன்று. பகுத்தறிவு இயக்கச் சூழலில் எழுந்த இப்போக்கு தெய்வப்படையைத் திரையிலிருந்து அகற்றவில்லை. புராணப் படம் என்னும் தனி அறைக்குள் ஒதுக்கியது.

அண்மைக்காலத்தில் அவ்வறையின் கதவு மீண்டும் திறந்துள்ளது. 'பாகுபலி' (2015) படத்தில் பல்லாளதேவனின் தேர்முன் சுழலும் வாள்கள் மாயமல்ல, பொறி. அசாதசத்துருவின் தேர்ப்பொறி பற்றிய சமண மரபை அறிந்தோர்க்கு அது புதிதன்று. 'பிரம்மாத்திரம்' (2022) என்னும் இந்திப் படத்தில், தமிழிலும் வெளியான அதில், அத்திரங்களின் பெயர்கள் பழையன, இலக்கணமோ புதியது. நாயகன் நெருப்பின் ஆற்றலை ஒருவரிடமும் இரந்து பெறவில்லை. அது அவனுள்ளேயே இருக்கிறது. பிறப்பின் மறைசெய்தி வெளிப்பட வெளிப்பட அவனுக்கு வசப்படுகிறது. வரமில்லாததால் வரையறையும் இல்லை. வரையறை இல்லாததால் இழப்பும் இல்லை. எவ்வளவு ஒளி சிந்தினும் அக்காட்சிகள் நெஞ்சைத் தொடாமைக்கு இதுவே காரணம் எனத் தோன்றுகிறது.

'கல்கி 2898 ஏடி' (2024) இன்னும் கூர்மையான சான்று. கர்ணனின் வில் கைக்கு வந்ததும் கூலிப்போராளியான பைரவன் கர்ணனாக வெளிப்படுகிறான். வில் அவனை அடையாளங் காட்டுகிறது. தோரின் சுத்தியல் செய்வதும் அதுவே. அறுபது ஆண்டுகளுக்கு முன் தமிழ்த் திரை கர்ணனை அவன் இழந்த படைகளால் அடையாளங் காட்டியது. இப்போதோ மீளப்பெற்ற படையால் அடையாளங் காட்டப்படுகிறான். கொடுப்பதால் அறியப்பட்டவன் பெறுவதால் அறியப்படும்போது, பெயர் மட்டுமே கர்ணனுடையதாக எஞ்சுகிறது.

பிரெஞ்சுத் திரையில் பாரிசுத் தமிழர் தோன்றும் மிக அறியப்பட்ட படமான ழாக் ஓதியாரின் 'தீபன்' (2015) கற்பனைப் படமன்று. ஆயினும் அதில் மந்திரத்தை நினைவூட்டும் காட்சி ஒன்றுண்டு. முன்னாள் போராளியான தீபன், தான் காவல்புரியும் குடியிருப்பின் தரையில் வெள்ளைக் கோடு இழுத்து, இது சூடு நடவா வலயம் என அறிவிக்கிறான். காப்புக்கு இடும் கோடு அது. கொடுத்தவரும் இல்லை, அதற்கு ஆற்றலும் இல்லை. கோடு தோற்கவே அவன் மீண்டும் ஆயுதமேந்துகிறான். கான் விழாவில் தங்கப்பனை பெற்ற இப்படத்தின் இறுதி வன்முறையைத் திறனாய்வாளர் சிலர் நம்பகமற்றது என்றனர். ஆற்றல் வேறெங்கிருந்தோ வரவேண்டும் என்னும் புராண எதிர்பார்ப்பும், ஒருவனுள்ளேயே அது உறங்குகிறது என்னும் மேலை எதிர்பார்ப்பும் அக்கோட்டின்மீது மோதிக்கொள்கின்றன; இரண்டாவதே வெல்கிறது.

இந்நிலையில் 'கர்ணன்', 'கந்தன் கருணை' போன்ற படங்களுக்குப் பிரெஞ்சுத் துணையெழுத்து அமைப்போர் முன்னுள்ள சிக்கல் பெயர்ச்சொல்லில் இல்லை. சப்பானியரின் 'கத்தானா'வைப் பிரெஞ்சு மொழி அப்படியே ஏற்றுக்கொண்டது; 'வேல்' என்பதையும் அவ்வாறே விட்டுவிடலாம். 'லான்ஸ்' என எழுதினால் குதிரைவீரனின் ஈட்டியே நினைவுக்கு வரும். கடினமானவை வினைச்சொற்கள். இந்திரன் கேட்பது, கர்ணன் ஈவது, குந்தி வேண்டுவது, முருகன் வாங்குவது ஆகிய நான்கும் 'கொடு', 'எடு' என்னும் இரு வினைகளுக்குள் சுருங்கிவிடும். தாழ்ந்தோன், ஒப்போன், உயர்ந்தோன் ஆகியோர் கேட்கும் முறைக்கேற்ப முறையே ஈ, தா, கொடு எனத் தொல்காப்பியம் பிரித்து வைத்த வேற்றுமையைத் துணையெழுத்தின் இரு வரிகளுக்குள் கொண்டுவருவது எளிதன்று. ஆனால் கவசத்தை இரக்கும் காட்சியில், வானவர் தலைவன் தாழ்ந்தோன் கேட்கும் 'ஈ' என்னும் நிலையில் நிற்கிறான். அதனை உணர்த்தாத மொழிபெயர்ப்பில் ஒரு முதியவர் ஒரு வீரனிடம் நகை கேட்பது மட்டுமே தெரியும்.