ஜாவர் சீதாராமன்: பூதத்துக்குள் ஓர் எழுத்தாளர்

ஜாவர் சீதாராமன் என்றதும் நம்மில் பலருக்கு நினைவுக்கு வருவது, 1967-இல் வெளியான ‘பட்டணத்தில் பூதம்’ படத்தின் ஜீபூம்பா பூதம்தான். பிள்ளைகள் கைதட்டிச் சிரித்த அந்தப் பூதத்துக்குள்ளே, தமிழின் தலைசிறந்த குற்றப்படம் ஒன்றை எழுதிய எழுத்தாளர் இருந்தார் என்பதை எத்தனை பேர் அறிவோம்?

முதலில் அந்தப் பெயரைப் பார்ப்போம். விக்டர் ஹ்யூகோவின் நாவலைச் சுத்தானந்த பாரதியார் ‘ஏழை படும் பாடு’ என்று தமிழில் தந்தார். 1950-இல் கோவை பட்சிராஜா நிறுவனம் அதைப் படமாக்கியது. ரொட்டி திருடித் தண்டனை பெற்ற ஏழையாக நடித்தவர், நம்ம ஊர்ப் பெயரைத் தம் பெயருக்கு முன்னால் சுமந்த சித்தூர் வி. நாகையா. அவரை விடாமல் துரத்தும் போலீஸ் அதிகாரி ஜாவராக நடித்தவர் சீதாராமன். அந்த வேடத்தின் பெயரே அவருக்கு அடைமொழியாக ஒட்டிக்கொண்டது.

சட்டம் என்ற ஒன்றைத் தவிர வேறெதையும் அறியாதவன் ஹ்யூகோவின் ஜாவர். நான்கு ஆண்டுகள் கழித்து, எஸ். பாலசந்தர் இயக்கிய ஏவி.எம்.மின் ‘அந்த நாள்’ (1954) படத்துக்குத் திரைக்கதை வசனம் எழுதியபோது, சீதாராமன் இதற்கு நேர் எதிரான ஓர் அதிகாரியைப் படைத்தார். அவரே நடித்த சி.ஐ.டி. சிவானந்தம் யாரையும் துரத்துவதில்லை, உட்கார்ந்து கேட்கிறார். 1943-இல் சென்னையில் ஜப்பானியர் குண்டு வீசிய நேரம். ரேடியோ என்ஜினீயர் ராஜன் சுடப்பட்டுக் கிடக்கிறான். அண்டை வீட்டார், தம்பி, தம்பி மனைவி, காதலி, மனைவி என்று ஆளாளுக்கு ஒரு ராஜனைச் சொல்கிறார்கள்.

குரோசாவாவின் ‘ராஷோமோன்’ (1950) படத்தின் சாயல் என்று இதைச் சொல்வது வழக்கம். அந்தச் சாயல் உண்மைதான். ஆனால் நாட்டைக் காட்டிக்கொடுப்பவனைக் கதாநாயகனாக வைத்து, அவனுக்கும் ஒரு நியாயத்தைப் பேசக் கொடுத்து, தேசமா கணவனா என்ற கேள்வியை ஒரு தமிழ்ப் பெண் முன் நிறுத்தியது இந்தப் படத்துக்கே உரிய துணிச்சல். பாட்டு இல்லை, நடனம் இல்லை, சண்டை இல்லை. அதனால் எல்லாப் பாரத்தையும் வசனமே சுமக்க வேண்டியிருந்தது, சுமந்தது. மத்திய அரசின் நற்சான்றிதழ் கிடைத்தது; வசூல் கிடைக்கவில்லை.

அதற்குப் பிறகும் அவர் நிறைய எழுதினார். ‘களத்தூர் கண்ணம்மா’ (1960), ‘ஆலயமணி’ (1962), ‘ஆனந்த ஜோதி’ (1963), ‘ஆண்டவன் கட்டளை’ (1964) எல்லாம் அவர் எழுத்தே. பழி சுமப்பவனும் மனச்சாட்சியும் இவற்றில் திரும்பத் திரும்ப வருகிறார்கள். ஆனால் ‘அந்த நாள்’ காட்டிய சிக்கனம் மீண்டும் வரவில்லை. பாட்டுக்கும் கண்ணீருக்கும் இடம் விட்டே எழுத வேண்டியிருந்தது. இதை அவருடைய குறையாக மட்டும் எண்ணுவது நியாயமாகாது. தோற்ற துணிச்சலுக்கு இரண்டாவது வாய்ப்புக் கொடுக்க அன்றைய சந்தை தயாராக இல்லை.

நம் பிள்ளைகளுக்குத் தமிழ் என்றால் பெரும்பாலும் சினிமாத்தான். அப்படியிருக்க, ‘அந்த நாள்’ படத்தை அவர்களோடு ஒருமுறை உட்கார்ந்து பாருங்கள். எழுத்துகள் ஓடும்போது, திரைக்கதை வசனம் யார் என்று கேளுங்கள். நடிகர் பெயரைச் சொல்லத் தெரிந்த பிள்ளைக்கு எழுதியவர் பெயரையும் சொல்லத் தெரிந்தால், அதுவும் தமிழ்ப் படிப்புத்தானே!