தொகுப்பாளரும் ஆசிரியரே: மக்காலிஸ்டரின் பணி

ஆவணப்படங்களை ஆராய்வோர் இயக்குநர் பெயரையே முன்வைத்துப் பேசுதல் வழக்கம். படச்சுருளை வெட்டியும் ஒட்டியும் அதற்குப் பொருள் அமைத்தவர் பெயர் பெரும்பாலும் மறைந்துபோகிறது. அவ்வாறு மறைந்தோருள் ஸ்டூவர்ட் மக்காலிஸ்டரும் ஒருவர். அவர்தம் பணியை மதிப்பிடும் முறையை ஈண்டு ஆராய்வோம்.

1914-இல் ஸ்காட்லாந்தில் பிறந்த இவர், கிளாஸ்கோ கலைப்பள்ளியில் பயின்றார். பின்னர்ப் பிரித்தானிய அஞ்சல் துறையின் திரைப்படப் பிரிவிற் சேர்ந்தார். அப்பிரிவு 1940-இல் கிரௌன் திரைப்படப் பிரிவு எனப் பெயர் மாறியது. போர்க்காலத்தே ஹம்ப்ரி ஜென்னிங்ஸின் படங்கள் பலவற்றை இவர் தொகுத்தார், 1962-இல் மறைந்தார். இவர் பணிவாழ்வைப் பற்றி 1983-இல் நூலெழுதிய டை வான் என்பவர், தாமும் தொலைக்காட்சிக்கு ஆவணப்படங்கள் தொகுத்தவர். கண்ணுக்குப் புலனாகாத மனிதர் என அந்நூலின் தலைப்பிலேயே இவரைக் குறித்தது பொருத்தமே.

இருவரும் சேர்ந்து ஆக்கிய 'லிசன் டு பிரிட்டன்' (1942) ஏறத்தாழ இருபது நிமிடப் படம். காட்சிகளுக்கு விளக்கவுரை இல்லை. தொழிற்சாலை உணவுக்கூடத்தில் ஃபிளானகனும் ஆலனும் பாடுகின்றனர். அப்பாட்டு முடியுமிடத்தே, லண்டன் தேசிய ஓவியக் கூடத்தில் மைரா ஹெஸ் பியானோவில் இசைக்கும் மோட்சார்ட்டின் இசை எழுகிறது. இவ்விரு கூட்டத்தாரும் ஒரு நாட்டு மக்களே என எவரும் கூறவில்லை, அவ்வொட்டே கூறுகிறது.

இது ஜென்னிங்ஸின் கருத்தேயன்றோ எனச் சிலர் வினவலாம். மக்காலிஸ்டர் தொகுக்காத 'எ டைரி ஃபார் திமோதி' (1945) படத்திலும் ஹாம்லெட் நாடகத்தின் இடுகாட்டுக் காட்சியும் வி-2 ராக்கெட்டைப் பற்றிய பேச்சும் மாறிமாறி வருகின்றன. ஆகவே இம்முறை ஜென்னிங்ஸுக்கும் உரியதென ஒப்புகிறோம். ஆயினும் அப்படம் ஈ. எம். ஃபார்ஸ்டர் எழுதிய விளக்கவுரையைத் துணைக்கொள்கிறது. முன்னையதோ ஒட்டையே நம்பி நிற்கிறது. இவ்வேறுபாடு கருதத்தக்கது, எனினும் இஃது ஒன்றே கொண்டு முடிவு கட்டுதல் சாலாது.

எவ்வெட்டு எவருடையது எனப் பிரித்தறிதல் அரிது. ஆனால் மறுக்கவியலாச் சான்று படத்திலேயே உண்டு. இயக்கமும் தொகுப்பும் இருவருடையன என்றே அதன் பெயர்ப் பட்டியல் கூறுகிறது. அதனைக் கண்டும் ஜென்னிங்ஸ் ஒருவரையே ஆசிரியராகக் கொள்ளுதல், பழக்கத்தால் நேர்ந்த பிழையென்பதே நம் துணிபு.