முரசுக்குள் ஒரு படை

தவிலோசை கேட்டு வளர்ந்த யாழ்ப்பாணத்து வேலணைக்காரருக்கு ‘சந்திரலேகா’ (1948) படத்தின் முரசு நடனம் தனி விருந்து. பென்னாம்பெரிய முரசுகளின் மேல் வரிசை வரிசையாகப் பெண்கள் ஆடுகிறார்கள். ஆட்டம் முடிந்ததும் முரசுகள் திறக்க, உள்ளேயிருந்து வீரர்கள் வாளோடு பாய்கிறார்கள். வில்லன் சசாங்கனின் கோட்டைக்குள் படை புகுந்த உபாயமே அந்த நடனம்தான். கதையை நிறுத்திவைக்கும் ஆட்டமல்ல, கதையைத் தீர்த்துவைக்கும் ஆட்டம்.

இந்தப் படத்தின் இயக்குநர் எஸ்.எஸ்.வாசன். ஆனந்த விகடனை நடத்தியவர். ஏலத்தில் எடுத்த ஸ்டூடியோவை ஜெமினியாக வளர்த்த தயாரிப்பாளர். டி.ஜி.ராகவாச்சாரி தொடங்கிய இப்படத்தை இடையில் தானே ஏற்றார். அதுவே அவரது முதல் இயக்கம். ‘இரும்புத்திரை’ (1960) போன்றவை பின்னால் வந்தன.

பணம் போடத் தெரிந்த முதலாளிகள் பலர். போட்ட ஒவ்வொரு ரூபாயையும் திரையில் அழகாக்கத் தெரிந்தவர் வாசன்.